அனிமேஷன், இல்லஸ்ட்ரேஷன், காமிக்ஸ்: மூன்றையும் ஒருவரே செய்யலாமா?

உங்கள் படங்களையும் போட்டு நீங்கள் கேட்டிருப்பதை முதலில் என் சொற்களில் சொல்லிவிடுகிறேன். தவறாகப் புரிந்துகொண்டிருந்தால் திருத்துங்கள். இல்லஸ்ட்ரேஷன், அதாவது தனிப் படம், வரைந்தால் உங்களுக்கு நன்றாக வருகிறது, பார்ப்பவர்களும் அப்படித்தான் சொல்கிறார்கள். அதே பாத்திரத்தை வைத்து ஒரு காமிக்ஸ் பக்கம் போட்டால் உயிரில்லாமல் கிடக்கிறது. அனிமேஷன் செய்ய உட்கார்ந்தால் கொஞ்ச நேரத்தில் முகம் வேறு ஆளாகிவிடுகிறது. மூன்றையும் பிடித்துக்கொண்டிருந்தால் எதிலும் தேறமாட்டாய் என்று சுற்றியிருப்பவர்கள் சொல்கிறார்கள். ஆகவே மற்ற இரண்டையும் விட்டுவிட்டு இல்லஸ்ட்ரேஷனோடு நின்றுவிடலாமா என்று கேட்கிறீர்கள்.

இதில் இரண்டு கேள்விகள் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. ஒருவரால் மூன்றிலும் வேலை செய்ய முடியுமா என்பது ஒன்று. ஒன்றில் நன்றாக ஓடும் கை மற்ற இரண்டில் ஏன் தடுமாறுகிறது என்பது இன்னொன்று. உங்களை வாட்டுவது இரண்டாவதுதான் என்று நினைக்கிறேன், அதற்கு விடை கிடைத்தால் முதலாவதும் பாதி தெளிந்துவிடும். என் கணிப்பு இது: வரையும் திறமை மூன்றுக்கும் பொது. காலத்தைக் கையாளும் திறமை மூன்றிலும் வேறு வேறு. தனிப் படத்தில் உங்களுக்கு ஒரே ஒரு கணம்தான் கிடைக்கிறது. காமிக்ஸில் பல கணங்களை அடுக்குகிறீர்கள், எவ்வளவு வேகமாகப் பார்ப்பது என்பதை வாசகர் முடிவு செய்கிறார். அனிமேஷனில் ஒவ்வொரு நொடியும் உங்கள் பொறுப்பு. நீங்கள் முதலாவதைக் கற்றிருக்கிறீர்கள், மற்ற இரண்டையும் இன்னும் தனியாகப் பயிலவில்லை. கையில் குறையொன்றும் இல்லை.

என்னைப் பற்றி ஒரு வரி: கையால் வரையும் இருபரிமாண அனிமேஷனில் பயிற்சி பெற்றவன், பல வருடங்கள் ஸ்டோரிபோர்டு (படமெடுக்கும் முன் காட்சிகளை வரிசையாக வரைந்து பார்க்கும் திட்டம்) வரைந்தவன், பிறகு சிறுவர் படப் புத்தகங்களுக்கும் காமிக்ஸுக்கும் வந்தவன். முப்பரிமாண அனிமேஷன் நான் தொழிலாகச் செய்யாதது. அதனால் கீழே சொல்வதெல்லாம் வரையும் அனிமேஷனுக்குத்தான், முப்பரிமாணத்துக்கு அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம்.

முடியுமா என்ற கேள்வியை முதலில் முடித்துவிடலாம், ஏனென்றால் அதில் சந்தேகமே இல்லை. இந்தக் கலைகள் பிறந்த காலத்திலேயே ஒருவர் மூன்றையும் செய்திருக்கிறார். அமெரிக்கப் பத்திரிகை ஓவியர் வின்சர் மெக்கே, 1905-ல் நியூயார்க் ஹெரால்டில் ‘லிட்டில் நீமோ’ என்ற ஞாயிற்றுக்கிழமை காமிக்ஸைத் தொடங்கினார். தலையங்கங்களுக்கும் படம் வரைந்தார். 1911-ல் நீமோவை வைத்தே ஒரு சிறிய அனிமேஷன் படம் எடுத்தார், அதற்கு ஏறக்குறைய 4,000 படங்கள் வரைந்தார். 1914-ல் ‘கெர்ட்டி’ என்ற டைனோசர் வந்தது. பாத்திரத்தையும் பின்னணியையும் தனித்தனித் தாளில் பிரித்து வரையும் செல் முறை அப்போது புழக்கத்துக்கு வரவில்லை. ஆகவே டைனோசர் வாலை ஆட்டினாலும் பின்னாலிருக்கும் மலையையும் ஏரியையும் ஒவ்வொரு தாளிலும் மறுபடி வரைந்தாக வேண்டும், அதற்கென்றே ஓர் உதவியாளர் இருந்தார். முக்கியமான நிலைகளை முதலில் வரைந்துவிட்டு இடைப்பட்டவற்றைப் பிறகு நிரப்பும் வழியையும் மெக்கே கையாண்டார், இன்றும் நாங்கள் அப்படித்தான் செய்கிறோம். 1908-ல் வந்த நீமோ பக்கம் ஒன்று இருக்கிறது: கட்டிலின் கால்கள் நீண்டு, கட்டில் நகரத்துக்குள் நடந்து போகும். கால் நீள நீள, பக்கத்தின் கட்டங்களும் உயரமாகிக்கொண்டே போகும். அதைத் தேடி எடுத்துப் பாருங்கள். காமிக்ஸ் கட்டத்தின் அளவே அசைவாக மாறுவதை அதைவிடத் தெளிவாகக் காட்டும் பக்கம் எனக்குத் தெரிந்து அதிகம் இல்லை.

ஆனால் ‘முடியும்’ என்பது வேறு, ‘உங்களுக்கு அதுதான் நல்லது’ என்பது வேறு. மூன்றிலும் வென்றவர்களின் பெயர்தான் நம் காதுக்கு வருகிறது. முயன்று சோர்ந்து ஒன்றோடு நின்றவர்கள் எத்தனை பேர் என்று யாரும் எண்ணி வைக்கவில்லை. ஆகவே மெக்கேயின் பெயரைச் சொல்லி உங்களைத் துணிந்து இறங்கச் சொல்ல மாட்டேன். எங்கே தடுமாறுகிறது என்பதைப் பார்ப்போம், முடிவு உங்களுடையது.

ஒரே நிகழ்ச்சியை மூன்றிலும் வைத்துப் பார்த்தால் விளங்கும். ஒரு சிறுமி அலமாரியின் மேல்தட்டில் இருக்கும் கண்ணாடி ஜாடியை எட்டி எடுக்கப் போகிறாள், ஜாடி விழுந்து உடைகிறது. அவ்வளவுதான் கதை.

இதைத் தனிப் படமாக வரையச் சொன்னால் பழக்கமில்லாதவர் ஜாடி சிதறும் கணத்தை வரைவார். நீங்கள் அப்படிச் செய்யமாட்டீர்கள் என்று உங்கள் படங்களைப் பார்த்தாலே தெரிகிறது. விரல் நுனி ஜாடியைத் தொட்டு, அது லேசாகச் சாய்ந்திருக்கும் கணத்தை எடுப்பீர்கள், அல்லது உடைந்த துண்டுகளைக் காலுக்குப் பின்னால் தள்ளிவிட்டு வாசலைப் பார்த்து நிற்கும் முகத்தை எடுப்பீர்கள். 1766-லேயே லெஸ்ஸிங் என்ற ஜெர்மானிய எழுத்தாளர் இதை எழுதிவைத்தார்: ஓவியனுக்குக் கிடைப்பது ஒரே கணம், முன்னால் நடந்ததையும் பின்னால் நடக்கப்போவதையும் பார்ப்பவர் ஊகிக்கக்கூடிய கணமாக அதைத் தேர்ந்தெடுக்க வேண்டும், உச்சத்தையே காட்டிவிட்டால் கற்பனைக்கு மேலே போக இடமில்லை. நல்ல இல்லஸ்ட்ரேட்டர்கள் இந்தத் தேர்வை யோசிக்காமலே செய்துவிடுகிறார்கள். உங்களிடம் அது இருக்கிறது. உங்கள் காமிக்ஸ் பக்கத்தைச் சாகடிப்பதும் அதுதான்.

எப்படி என்றால், நீங்கள் ஒவ்வொரு கட்டத்தையும் முழுமையான ஓவியமாக்குகிறீர்கள். முன்னும் பின்னும் நடந்ததெல்லாம் அந்தக் கட்டத்துக்குள்ளேயே அடங்கிவிடுகிறது. கண் அங்கேயே நின்று ரசிக்கிறது, அடுத்த கட்டத்துக்குப் போகக் காரணம் இல்லை. ஆறு அழகான படங்கள் ஒரு பக்கத்தில் ஒட்டிக் கிடக்கின்றன, கதை நகரவில்லை. காமிக்ஸ் கட்டம் குறைப்பட்டதாக இருக்க வேண்டும், ஏதோ ஒன்றைக் கேட்டுக்கொண்டு நிற்க வேண்டும். அந்தக் கேள்விக்குப் பதில் அடுத்த கட்டத்தில், பல சமயம் இரண்டுக்கும் நடுவே இருக்கும் வெள்ளை இடைவெளியில் இருக்கிறது. ஸ்காட் மெக்கிளவுட் 1993-ல் காமிக்ஸ் பற்றிக் காமிக்ஸாகவே எழுதிய நூலில் இந்த இடைவெளியைத்தான் மையமாக வைக்கிறார்: இரண்டு கட்டங்களுக்கு நடுவே நடந்ததை வாசகரின் மனமே கட்டிக்கொள்கிறது. சிறுமியின் கதையில் முதல் கட்டத்தில் எட்டும் கை. இரண்டாவதில் சாயும் ஜாடி மட்டும், சிறுமி இல்லை. மூன்றாவதில் வேறு அறையில் தூங்கிய பூனை காதை நிமிர்த்துகிறது. நான்காவதில் தரையில் வெறும் பாதங்கள், சுற்றிலும் துண்டுகள். உடைவதை வரையவே இல்லை. வாசகர்தான் உடைத்தார். தனியாக எடுத்துப் பார்த்தால் இந்த நான்கில் ஒன்றுகூட நல்ல இல்லஸ்ட்ரேஷன் இல்லை, அப்படி இருக்கவும் வேண்டாம்.

கைப்பழக்கமாகச் சொல்வதென்றால், பெரிய தாளில் தொடங்காதீர்கள். தபால்தலையைவிடக் கொஞ்சம் பெரிதான கட்டங்களோடு முழுப் பக்கத்தையும் உள்ளங்கை அளவில் தம்ப்நெயிலாகப் போடுங்கள். முகம், விரல் எதுவும் அந்த அளவில் தெரியாது. யார் எங்கே நிற்கிறார், கண் எந்தப் பாதையில் போகிறது என்பது மட்டும்தான் தெரியும், இந்த நிலையில் வேண்டியதும் அதுதான். பேச்சு பலூனை அப்போதே போட்டுவிடுங்கள். படம் முடிந்தபிறகு மிச்ச இடத்தில் பலூனைச் செருகுவது புதிதாக வருகிறவர்களிடம் நான் அதிகம் பார்க்கும் தவறு. இடமிருந்து வலம் படிக்கிறவர்களுக்கு முதலில் பேசுகிறவர் இடப்பக்கம் நிற்பது நல்லது, இல்லையென்றால் பலூன் வால்கள் ஒன்றையொன்று வெட்டும். ஒரு பக்கத்தில் ஒரே ஒரு கட்டத்துக்கு மட்டும் உங்கள் முழு ஓவியத் திறமையையும் கொடுங்கள், மற்றவை அதற்கு வழிவிடட்டும். பக்கம் திருப்பினால் தெரிய வேண்டிய திடுக்கிடலை வலப்பக்கத்தின் கடைசிக் கட்டத்தில் தொடங்கி, திருப்பிய பக்கத்தின் முதல் கட்டத்தில் வையுங்கள். எதிரெதிர்ப் பக்கங்களில் வைத்தால் ஓரக்கண்ணிலேயே தெரிந்துவிடும்.

இனி அனிமேஷன். முகம் மாறுகிறது என்கிறீர்களே, அது பொறுமைக் குறைவால் வருவதில்லை. அதற்குத் தெளிவான காரணம் உண்டு. முதல் படத்தைப் பார்த்து இரண்டாவதை வரைகிறீர்கள், இரண்டாவதைப் பார்த்து மூன்றாவதை. ஒவ்வொன்றிலும் நூலளவு பிசகு விழுகிறது, அடுத்த படம் அந்தப் பிசகையும் சேர்த்து நகலெடுக்கிறது. இருபது படத்தில் அது ஆளையே மாற்றிவிடும். முதலிலிருந்து கடைசிவரை வரிசையாக வரைந்து போனால் இது நேர்ந்தே தீரும். நெருப்பு, புகை, தண்ணீர் போன்றவற்றுக்கு அந்த முறை நல்லது, முகத்துக்கு ஆகாது. முகத்துக்கு முதலில் கீ போஸ்களை, அதாவது அசைவின் முக்கியமான நிலைகளை, மட்டும் வரையுங்கள். ஒவ்வொன்றையும் மாடல் ஷீட்டோடு ஒப்பிடுங்கள், அதாவது அந்தப் பாத்திரத்தை முன்புறம், முக்கால் திருப்பம், பக்கவாட்டு, பின்புறம் என்று ஒரே உயரத்தில் வரைந்துவைத்த தாளோடு. பிறகுதான் நடுப் படங்கள். நடுப் படத்தை அதற்கு முந்தைய படத்தோடு மட்டும் ஒப்பிட்டுத் திருப்தியடையக் கூடாது, இரண்டு பக்கத்துக் கீ படங்களோடும் ஒப்பிட வேண்டும்.

வெளிக்கோட்டிலிருந்து தொடங்குவதுதான் இன்னொரு காரணம். தனிப் படத்தில் அழகான வெளிக்கோடு காப்பாற்றிவிடும். தலை திரும்ப ஆரம்பித்தால் கோடு எங்கே போகும் என்று கோட்டுக்குத் தெரியாது, உள்ளே இருக்கும் உருண்டைக்குத்தான் தெரியும். மண்டை ஓர் உருண்டை, தாடை அதோடு சேர்ந்த இன்னொரு வடிவம், கண்ணுக்கான கோடு உருண்டையைச் சுற்றி வளைகிறது என்று கட்டிக்கொண்டு, அதன் மேல் முகத்தைப் போடுங்கள். மென்பொருளில் முன்னும் பின்னுமுள்ள படங்களை மங்கலாகக் காட்டும் ஆனியன் ஸ்கின் வசதியைப் போட்டுக்கொண்டு இரண்டு முகக் கோடுகளுக்கும் நடுவே ஒரு கோடு இழுப்பது பெரிய பொறி. இடப்பக்கம் பார்த்த தலை வலப்பக்கம் திரும்பும்போது நடுவில் சற்றுத் தாழ்ந்து, வளைவாகப் போகிறது. நேர்க்கோட்டில் நடுவைக் கணக்கிட்டால் முகம் அந்த இடத்தில் சப்பிப்போகும். பார்ப்பவருக்கு என்ன தவறு என்று சொல்லத் தெரியாது, ஆனால் ஏதோ தவறு என்று தெரிந்துவிடும்.

அப்புறம் காலம். திரைப்படத்தில் நொடிக்கு 24 ஃபிரேம், அதாவது திரையில் அடுத்தடுத்துக் காட்டப்படும் 24 சட்டகங்கள். பெரும்பாலான இடங்களில் ஒரு படத்தை இரண்டு ஃபிரேமுக்கு வைப்போம், ஆக நொடிக்கு 12 படங்கள். நம் ஜாடியை எடுத்துக்கொள்ளுங்கள். ஆறடி உயரத்திலிருந்து ஒரு பொருள் விழச் சுமார் 0.6 நொடி ஆகிறது, அதாவது 14 அல்லது 15 ஃபிரேம், ஏறக்குறைய ஏழு படங்கள். ஏழையும் சம இடைவெளியில் போட்டால் ஜாடி கயிற்றில் இறக்குவதுபோல் இறங்கும். உண்மையில் விழும் பொருள் சமமான நேரத் துண்டுகளில் 1, 3, 5, 7 என்ற விகிதத்தில் தூரத்தைக் கடக்கிறது. ஏழு படங்களில் முதல் இடைவெளி நான்கு சென்டிமீட்டர்கூட இல்லை, கடைசி இடைவெளி கிட்டத்தட்ட அரை மீட்டர். எத்தனை படம் என்பதை டைமிங் என்கிறோம், படத்துக்குப் படம் எவ்வளவு தூரம் என்பதை ஸ்பேஸிங் என்கிறோம். முதலாவதை எல்லாரும் கற்றுக்கொள்கிறார்கள், உயிர் இரண்டாவதில் இருக்கிறது. இயற்பியலை அப்படியே பின்பற்ற வேண்டுமா என்றால் வேண்டாம். விழுவதற்கு முன் ஜாடியை விளிம்பில் இன்னும் சில ஃபிரேம் தள்ளாடவிட்டால்தான் பார்ப்பவருக்கு நெஞ்சு பதறும். கணக்கைத் தெரிந்துகொண்டு மீறுங்கள்.

டிஸ்னியின் பழைய அனிமேட்டர்கள் ஃபிராங்க் தாமஸும் ஆலி ஜான்ஸ்டனும் 1981-ல் எழுதிய நூலில் 12 அடிப்படைகளைத் தொகுத்திருக்கிறார்கள். அதைப் படிக்கும்போது ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். நிழலுருவிலேயே செயல் புரியும்படி நிறுத்துவது, மிகைப்படுத்துவது, கனமுள்ளதாக வரைவது ஆகியவை அப்படியே காமிக்ஸுக்கும் இல்லஸ்ட்ரேஷனுக்கும் உதவும். டைமிங், உடல் நின்றபின்னும் முடியும் துணியும் தொடர்ந்து அசைவது ஆகியவை அனிமேஷனோடு நின்றுவிடும். அதனால்தான் அனிமேஷன் பயின்றவர்களின் காமிக்ஸில் உடல்மொழி நன்றாக இருக்கிறது, ஆனால் பக்க அமைப்பு பலசமயம் ஸ்டோரிபோர்டு மாதிரி ஒரே அளவுக் கட்டங்களாக வழிகிறது. திரையின் அளவு மாறாது, பக்கத்தின் கட்டம் மாறும். அந்தப் பழக்கத்தை உடைக்க எனக்கே வெகுகாலம் பிடித்தது.

உங்கள் பாத்திர வடிவமைப்பைப் பற்றியும் சொல்ல வேண்டும். மேலங்கியில் சங்கிலி வேலைப்பாடு, கட்டம் போட்ட சட்டை, காதில் மூன்று வளையம், தோள்பையில் பித்தான்கள். தனிப் படத்தில் இதெல்லாம் ஒரு தடவை. எட்டுப் பக்கக் காமிக்ஸில் நாற்பது, ஐம்பது தடவை. ஒரு நிமிட அனிமேஷனில் 720 தடவை, அதிலும் கட்டம் போட்ட சட்டை உடலோடு சேர்ந்து வளைய வேண்டும். விவரங்களை எறிந்துவிடச் சொல்லவில்லை, இடம் மாற்றுங்கள். அனிமேஷனில் பின்னணி ஒரு தடவை வரையப்படுகிறது, அசையும் ஆள் நூற்றுக்கணக்கான தடவை வரையப்படுகிறார். உங்கள் நுணுக்கத்தைப் பின்னணிக்குக் கொடுத்துவிட்டு ஆளை எளிமையாக்குங்கள். மர்ஜான் சத்ரபியின் ‘பெர்செபோலிஸ்’ 2000 முதல் 2003 வரை பிரெஞ்சு மொழியில் காமிக்ஸாக வந்து, 2007-ல் அவரும் வின்சென்ட் பரோனோவும் சேர்ந்து இயக்கிய அனிமேஷன் படமானது. கறுப்புப் பரப்புகள், ஒரு சில கோடுகள் என்று பக்கத்திலேயே அந்த உருவங்கள் எளிமையானவை. திரைக்கு வந்தபோது அவற்றின் குணம் கெடவில்லை.

எதிர்த்திசையில் ஒரு கேள்வி வரும்: அப்படியானால் ஜப்பானியக் காமிக்ஸ் ஓவியர் கட்சுஹிரோ ஓட்டோமோ எப்படிச் செய்தார்? ‘அகிரா’ காமிக்ஸை 1982-ல் தொடங்கி 1990-ல் முடித்தார், நடுவிலேயே 1988-ல் அவரே அதைப் படமாகவும் இயக்கினார். கட்டடம் கட்டடமாக நுணுக்கம். ஆனால் அந்தப் படத்துக்குப் பின்னால் ஒரு பெரிய குழு இருந்தது, தனியாள் அந்த அடர்த்தியில் அனிமேஷன் செய்வது பற்றிக் கனவு காண வேண்டாம். இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட பக்கங்களின் கதையை அவர் சுமார் இரண்டு மணி நேரமாகச் சுருக்கியபோது கதையையே மாற்ற வேண்டியிருந்தது என்பதையும் கவனியுங்கள். ஹயாவோ மியாசாகியின் ‘நௌசிக்கா’வும் அப்படித்தான்: காமிக்ஸ் 1982-ல் தொடங்கியது, படம் 1984-ல் வந்துவிட்டது, காமிக்ஸ் 1994 வரை தொடர்ந்து படத்தைவிடச் சிக்கலான இடத்துக்குப் போனது. ஒரே ஆளின் ஒரே கதை என்றாலும் வடிவம் மாறும்போது கதை மாறுகிறது. ரேமண்ட் பிரிக்ஸின் ‘தி ஸ்னோமேன்’ 1978-ல் வார்த்தையே இல்லாத படப் புத்தகமாக, கலர் பென்சிலில் வந்தது. 1982-ல் படமானபோது அந்தப் பென்சில் சாயலைக் காப்பாற்றப் பாடுபட்டிருக்கிறார்கள், கோடுகள் திரையில் லேசாக நடுங்கிக்கொண்டே இருக்கும். ஆனால் புத்தகத்தில் இல்லாத கிறிஸ்துமஸ் தாத்தா விருந்து படத்தில் சேர்ந்தது. சாயலை அப்படியே வைத்துக்கொண்டு நிகழ்ச்சிகளை மாற்றத் துணிந்தது சரியான முடிவு என்று நினைக்கிறேன். உங்கள் காமிக்ஸை அனிமேஷனாக்கும்போது கட்டம் கட்டமாக மாற்றாதீர்கள், கதையை மறுபடி யோசியுங்கள்.

படங்களின் எண்ணிக்கையைக் குறைப்பதும் ஒரு கலைதான் என்பதற்கு ஜப்பானின் ஒசாமு தெசூகாவைப் பாருங்கள். காமிக்ஸில் பெரும்புகழ் பெற்றபின் 1961-ல் சொந்த அனிமேஷன் நிறுவனம் தொடங்கி, 1963 ஜனவரி 1 முதல் ‘ஆஸ்ட்ரோ பாய்’ தொடரைத் தொலைக்காட்சிக்குக் கொடுத்தார். வாராவாரம் அரைமணி நேரம். முழு அனிமேஷனுக்கு நேரமும் இல்லை, பணமும் இல்லை. அசையாமல் நிற்கும் படங்கள், வாய் மட்டும் அசைவது, வரைந்த படங்களைச் சேமித்து மறுபடி பயன்படுத்துவது என்று சமாளித்தார்கள். இது அனிமேஷனுக்கு நல்லது செய்ததா கெடுதல் செய்ததா என்பதில் துறைக்குள்ளேயே கருத்து வேறுபாடு உண்டு, நான் இரண்டு பக்கமும் நியாயம் பார்க்கிறேன். தனியாள் செய்யும் அனிமேஷனுக்கு மட்டும் இது பெரிய பாடம்: எப்போது அசைக்க வேண்டாம் என்பதை ஒரு காமிக்ஸ்காரர் நன்றாக அறிவார், உங்கள் இல்லஸ்ட்ரேஷன் கண்ணும் அங்கே கைகொடுக்கும்.

மூன்றிலும் ஒரே பாணி இருக்க வேண்டுமா என்று கேட்டிருந்தீர்கள். இதற்கு உறுதியான பதில் யாரிடமும் இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. என் கருத்து, வடிவம் ஒன்றாக இருக்கட்டும், முடிப்பு மாறட்டும். பாத்திரத்தை முழுக் கறுப்பாக நிரப்பினாலும், கட்டைவிரல் உயரத்துக்குச் சுருக்கினாலும், பின்பக்கம் திருப்பினாலும் அடையாளம் தெரிகிறதா என்று பாருங்கள். தெரிந்தால் மூன்றுக்கும் தாங்கும். வண்ணமும் தூரிகைச் சாயலும் அதற்கு மேல் போடும் உடை.

மென்பொருள் பற்றிய கேள்விக்கு அதிக இடம் தர வேண்டியதில்லை. கிளிப் ஸ்டூடியோ பெயிண்டில் மூன்றையும் செய்யலாம், ஆனால் அதன் புரோ பதிப்பில் அனிமேஷன் 24 ஃபிரேமோடு நின்றுவிடும், இ.எக்ஸ். பதிப்பு வேண்டும். இலவசமாக வேண்டுமென்றால் கிரிட்டா, பிளெண்டரின் கிரீஸ் பென்சில், 2016-ல் திறமூலமாக வெளிவந்த ஓப்பன்டூன்ஸ். அச்சுக்குப் போகிற வேலை என்றால் 300 டிபிஐ (அங்குலத்துக்கு 300 புள்ளி), ஓரத்தில் வெட்டுப்படுவதற்காகக் கூடுதலாக 3 மில்லிமீட்டர், அச்சு மைக்கான சி.எம்.ஒய்.கே. வண்ணம். திரைக்கு ஒளிக்கான ஆர்.ஜி.பி. வண்ணம். திரையில் மின்னும் நீலமும் பச்சையும் அச்சில் மங்கும், இதை முதல் நாளே மனதில் வைத்து வண்ணம் தேர்ந்தெடுங்கள். படப் புத்தகங்கள் பெரும்பாலும் 32 பக்கம், பெரிய தாளை மடித்து வெட்டும் அச்சு முறையால் வரும் கணக்கு அது. பக்கத் திருப்பங்களை அந்தக் கணக்குக்குள்தான் திட்டமிட வேண்டும்.

வேலை தேடும்போது மூன்றையும் ஒரே தொகுப்பில் கொட்டாதீர்கள். புத்தக ஆசிரியர் ஒரே பாத்திரம் வேறு வேறு காட்சிகளில் அதே ஆளாக இருக்கிறதா என்று பார்ப்பார். காமிக்ஸ் வெளியிடுபவருக்குத் தனிப் பக்கங்களைவிட முடிந்த ஒரு குட்டிக் கதை மேல், ஐந்தாறு பக்கம் போதும். அனிமேஷன் ஸ்டூடியோவுக்கு உங்கள் அனிமேஷன் துண்டுகளைச் சேர்த்த சிறிய ரீல், சிறந்தது முதலில். ஒப்பந்தத்தில் ஒன்றை மட்டும் கண்டிப்பாகப் பாருங்கள். இல்லஸ்ட்ரேஷனில் பெரும்பாலும் படத்தைப் பயன்படுத்தும் உரிமையைத்தான் குறிப்பிட்ட வேலைக்கு, குறிப்பிட்ட காலத்துக்குக் கொடுக்கிறோம். ஸ்டூடியோவில் செய்யும் வேலை பொதுவாக ஸ்டூடியோவுக்கே சொந்தம். மூன்றிலும் இயங்குகிறவர் இதைக் குழப்பிக்கொண்டால் ஆபத்து: புத்தக ஒப்பந்தத்தில் அனிமேஷன் உரிமை என்று ஒரு வரி கிடந்தால், நாளைக்கு உங்கள் பாத்திரத்தை நீங்களே அசைக்க முடியாமல் போகலாம். சட்டம் நாட்டுக்கு நாடு மாறும், நான் வழக்கறிஞன் இல்லை. கையெழுத்துப் போடுவதற்கு முன் தெரிந்தவரிடம் காட்டுங்கள்.

சரி, விட்டுவிடலாமா? இப்போது வேண்டாம். அந்தச் சிறுமி, ஜாடி போல ஒரு சின்ன நிகழ்ச்சியை நீங்களே எடுத்துக்கொண்டு, மூன்று விதமாகச் செய்யுங்கள். ஒரு தனிப் படம், ஒரு காமிக்ஸ் பக்கம், ஐந்து நொடி அனிமேஷன். மூன்றிலும் எளிமையாக்கிய அதே பாத்திரம். ஐந்து நொடி என்பது முழுதாக வரைந்தால் 60 படங்கள், முதலில் எட்டுப் பத்துக் கீ படங்களை மட்டும் நேரத்தில் வைத்து ஓடவிட்டுப் பாருங்கள், அதிலேயே சரியில்லாத இடம் தெரிந்துவிடும். எந்த வரிசையில் கற்பது என்பதில் எனக்கு நிச்சயம் இல்லை. உங்களைப் போல இல்லஸ்ட்ரேஷனிலிருந்து வருபவர்களுக்குக் காமிக்ஸ் அடுத்த படி என்று தோன்றுகிறது, ஏனென்றால் படங்களின் எண்ணிக்கை குறைவு, தவறு விரைவில் தெரியும். நேராக அனிமேஷனுக்குப் போய் நன்றாக வந்தவர்களையும் பார்த்திருக்கிறேன்.

எது உங்கள் நங்கூரம் என்பதை முடிவு செய்யும்போது எது அதிகம் பிடிக்கிறது என்று மட்டும் கேட்காதீர்கள், எதன் சலிப்பைத் தாங்க முடிகிறது என்றும் கேளுங்கள். அனிமேஷனின் சலிப்பு, ஒரே காதை நூறு தடவை வரைவது. காமிக்ஸின் சலிப்பு, நாற்காலியும் கதவும் எல்லாக் கோணத்திலும் வரைவது, பிறகு எழுத்து போடுவது. இல்லஸ்ட்ரேஷனின் சலிப்பு, முடிந்த படத்தை மற்றவர் சொல்லுக்காக மூன்றாவது தடவை திருத்துவது. இவற்றில் ஒன்று உங்களுக்கு மற்றவற்றைவிட லேசாக இருக்கும். வருமானத்துக்கு அதை வைத்துக்கொண்டு, மற்ற இரண்டையும் சொந்த வேலையாக வளர்க்கலாம், நான் அறிந்த பலர் அப்படித்தான் செய்கிறார்கள். மணிக்கட்டு வலி வந்தால் மட்டும் பல்லைக் கடித்துக்கொண்டு வரையாதீர்கள், உடனே மருத்துவரைப் பாருங்கள்.

காமிக்ஸ் பக்கத்தின் தம்ப்நெயில்களையும் கீ படங்களின் ஓட்டத்தையும் இங்கேயே போடுங்கள், மையால் இறுதிக் கோடு போடுவதற்கு முன்னால். இரண்டையும் பார்த்து எந்தக் கட்டத்தில் கண் நிற்கிறது, எந்தப் படத்தில் முகம் பிசகத் தொடங்குகிறது என்று குறிப்பிட்டுச் சொல்கிறேன்.